அயோவாச் சிற்றூர்ப் பள்ளிகளின் அறுவர் ஆட்டம்

அமெரிக்க ஐக்கிய நாட்டின் நடுப்பகுதியில், மிஸிஸிப்பி, மிஸௌரி என்னும் இரு பேராறுகளுக்கு இடையே அயோவா மாநிலம் அமைந்துள்ளது. மக்காச்சோளமும் பன்றி வளர்ப்பும் அந்நாட்டாரின் பிழைப்பு. அம்மாநிலத்துச் சிற்றூர்ப் பள்ளிகள் ஒன்றுகூடித் தமக்கென ஒரு சங்கம் அமைத்து, பெண் பிள்ளைகளுக்கென்றே ஒரு பந்தாட்டத்தை ஏறத்தாழ எழுபது ஆண்டுகள் நடத்தி வந்தன. 1993-ஆம் ஆண்டு மார்ச் மாதத்தோடு அந்த ஆட்டம் முடிந்து போயிற்று. தமிழ்ச் சங்கத்தின் ஆண்டு விழா மலரில் இதற்கு என்ன இடம் என்று அன்பர்கள் வினவலாம். சிறு கூட்டமாக வாழ்பவர்கள் தமக்கென்று ஒன்றை எவ்வாறு உண்டாக்கினார்கள், எவ்வாறு காத்தார்கள், பின்பு எவ்வாறு இழந்தார்கள் என்பதை அறிவதில், ஊரை விட்டு வந்து காலனியில் குடியேறி, சந்தா வசூலித்துச் சங்கம் நடத்தும் நமக்கு அக்கறை இருப்பது இயல்பே.

முதலில் ஆட்டத்தின் பிறப்பைச் சொல்ல வேண்டும். 1891-ஆம் ஆண்டு டிசம்பர் மாதத்தில், மாஸசூஸெட்ஸ் மாநிலத்து ஸ்பிரிங்பீல்டு நகரில், ஒய். எம். ஸி. ஏ. பயிற்சிப் பள்ளியில் ஆசிரியராயிருந்த ஜேம்ஸ் நெய்ஸ்மித் என்பவர், குளிர்காலத்தில் கூரைக்குக் கீழே ஆடுவதற்கு ஒரு விளையாட்டு வேண்டுமென்று, பழக்கூடைகள் இரண்டை உயரத்தில் அடித்து மாட்டிக் கூடைப்பந்தாட்டத்தை உண்டாக்கினார். அதே ஒய். எம். ஸி. ஏ. இயக்கத்தின் வழியாகத்தான் நம் சென்னையிலும் 1920-இல் ஹாரி க்ரோ பக் என்னும் அமெரிக்கர் உடற்பயிற்சிக் கல்லூரியை நிறுவினார். தமிழ்நாட்டுப் பள்ளிகளில் இன்று நாம் காணும் ‘டிரில் மாஸ்டர்’ பரம்பரை பெரும்பாலும் அங்கிருந்து வந்ததே.

ஆட்டம் பிறந்த மறு ஆண்டே, அருகிலிருந்த ஸ்மித் பெண்கள் கல்லூரியில் சென்டா பெரென்சன் என்னும் ஆசிரியை அதைத் தம் மாணவியருக்குக் கற்பித்தார். பெண்களுக்கு மூச்சிரைக்கும், இருதயம் தாங்காது என்று மருத்துவர்களே எழுதி வந்த காலம் அது. ஆகவே அவர் ஆடுகளத்தைக் கோடிட்டு மூன்று பகுதிகளாகப் பிரித்து, ஒரு பகுதியில் நிற்பவள் அடுத்த பகுதிக்குள் கால் வைக்கலாகாது என்று விதித்தார். பிறர் கைப்பந்தைப் பறிப்பதும் கூடாதென்றார். இந்தக் கோட்டுக்குள்தான் பின்னாளில் அயோவாவின் பெருமை முழுவதும் விளைந்தது.

அயோவாவில் அந்த மூன்று பகுதிகள் 1934-இல் இரண்டாயின. ஓர் அணிக்கு ஆறு பேர். அவர்களுள் மூவர் களத்தின் ஒரு பாதியில் நின்று கூடையில் பந்தெறிபவர். மற்ற மூவர் மறு பாதியில் நின்று எதிரணியைத் தடுப்பவர். நடுக்கோட்டை எவரும் தாண்டக் கூடாது. பந்தைக் கையில் வைத்துக்கொண்டு ஓடலாகாது. தரையில் இரண்டு முறை தட்டலாம், அதற்குமேல் ஒருவருக்கு வீசிவிட வேண்டும், அல்லது கூடையை நோக்கி எறிய வேண்டும். தடுப்பவர் பந்தைக் கைப்பற்றினால் கோட்டுக்கு அப்பாலுள்ள தம் தோழியரிடம் சேர்ப்பிப்பதோடு அவர் கடமை தீர்ந்தது. பள்ளியில் நான்காண்டு ஆடியும் ஒரு முறைகூடக் கூடையில் பந்தெறியாத பெண்கள் ஆயிரக்கணக்கில் இருந்தனர் என்று அறிகிறோம்.

இந்தத் தடுப்பவருக்கு அங்கே ‘கார்டு’ என்று பெயர். இரயில்வே குடும்பத்தாராகிய நமக்கு இது சிரிப்பூட்டும். நம் கார்டு பச்சைக்கொடி காட்டினாலன்றி வண்டி புறப்படாது. ஆயினும் வண்டியை ஓட்டியவர் டிரைவரே என்றுதான் ஊர் சொல்லும். 2022-ஆம் ஆண்டில் நம் நிர்வாகத்தார் அவருக்கு ‘டிரெயின் மானேஜர்’ என்று புதுப்பெயர் சூட்டினர். அயோவாவின் கார்டுகளுக்கு அந்தப் பாக்கியமும் கிட்டவில்லை. செய்தித்தாள்களில் பெரிய எழுத்தில் வந்தவையெல்லாம் எறிபவர்களின் பெயர்களே.

1920-ஆம் ஆண்டில், தலைநகராகிய டிமாய்ன் நகரில், டிரேக் பல்கலைக் கழகத்தில் முதல் மாநிலப் போட்டி நடந்தது. 24 அணிகள் கலந்துகொண்ட அப்போட்டியில் கரெக்‌ஷன்வில் என்னும் சிற்றூர் வென்றது. ஆனால் அக்காலத்துக் கல்விமான்களுக்கு இது பிடிக்கவில்லை. பெண்கள் பொதுமக்கள் முன்னிலையில் வியர்வை சிந்திப் போட்டியிடுவது தகாது, அது அவர்களின் உடலுக்கும் பெண்மைக்கும் கேடு என்ற கருத்து நாடெங்கும் வலுத்தது. 1923-இல் தோன்றிய தேசிய அமெச்சூர் விளையாட்டுக் கழகத்தின் மகளிர் பிரிவுக்குத் தலைமை தாங்கியவர் லூ ஹென்றி ஹூவர் அம்மையார். பின்னர் குடியரசுத் தலைவரான ஹூவரின் மனைவி. பெண்கள் விளையாடட்டும், ஆனால் வெற்றி தோல்விக்காகவும் நுழைவுச் சீட்டுக்காகவும் விளையாட வேண்டாம் என்பது அவர்கள் கொள்கை. வேடிக்கை என்னவெனில், அவ்வம்மையார் பிறந்ததே அயோவாவின் வாட்டர்லூ நகரில்தான்.

இந்தக் காற்று வீசியதில், பெரிய நகரங்களின் பள்ளிகள் ஒவ்வொன்றாகப் பெண்கள் ஆட்டத்தைக் கைவிட்டன. 1925-இல் மாநிலத்தின் பள்ளி விளையாட்டுச் சங்கமும் பெண்கள் போட்டியை இனி நடத்துவதில்லை என்று தீர்மானித்தது. அக்கூட்டத்தில் சிற்றூர்ப் பள்ளிகளின் பொறுப்பாளர்கள் சிலர் வன்மையாக எதிர்த்தனர். மிஸ்டிக் என்னும் நிலக்கரிச் சுரங்க ஊரைச் சேர்ந்த ஜான் ஏகன்ஸ் என்பவர் எழுந்து, அயோவாவில் பெண்கள் பந்தாட்டத்தை ஒழிக்க முற்படுவோர் வண்டி வரும்போது தண்டவாளத்தின் நடுவில் நிற்பவரே ஆவர் என்று எச்சரித்ததாக இன்றளவும் அங்கே சொல்லி வருகின்றனர். இதைவிடப் பொருத்தமான உவமை நமக்குத் தோன்றவில்லை. எச்சரித்ததோடு அவர்கள் நிற்கவில்லை. இருபத்தைந்து சிற்றூர்ப் பள்ளிகளின் பொறுப்பாளர்கள் வெளியேறி, பெண்களுக்கென்றே தனிச் சங்கம் ஒன்றை நிறுவினர். பெண் பிள்ளைகளின் பள்ளி விளையாட்டுக்கென்று ஒரு மாநிலத்தில் தனிச் சங்கம் அமைந்தது அந்நாட்டில் புதுமை.

ஏன் சிற்றூர்கள் மட்டும் இவ்வளவு பிடிவாதம் பிடித்தன? இதற்குப் பல காரணங்கள் கூறுவர். வைக்கோல் கட்டு சுமந்து, பால் கறந்து, அதிகாலையில் எழுந்து வேலை செய்து பழகிய பெண்களிடம் போய், “ஓடினால் உன் உடம்புக்கு ஆகாது” என்று சொன்னால் எந்த வேளாண் குடும்பம் நம்பும்? அயோவாக் குடியானவர் நம்பவில்லை. மற்றொன்று எண்ணிக்கை. மேல்வகுப்புகளில் நூறு பிள்ளைகள்கூடச் சேராத பள்ளிகள் அவை. பதினொருவர் வேண்டிய கால்பந்துக்கு ஆண் பிள்ளைகளைத் திரட்டுவதே பாடு. குளிர்காலத்திலோ நிலம் உறைந்து கிடக்கும். உழவு இல்லை, அறுப்பு இல்லை. பள்ளிக் கூடத்தின் ஆடுகூடம் ஒன்றுதான் வெளிச்சமும் கணப்பும் உள்ள இடம். பக்கத்து ஊர்ப் பள்ளிகள் ஏழெட்டுச் சேர்ந்து வட்டாரக் குழு அமைத்துக்கொண்டு வாரந்தோறும் ஒருவர் ஊருக்கு ஒருவர் சென்று ஆடினர். முதலில் பெண்கள் ஆட்டம். அது முடிந்த பின் பையன்கள் ஆட்டம். இரண்டுக்கும் ஒரே கூட்டம், ஒரே பேருந்து. ஆணின் பள்ளிக்கும் பெண்ணின் பள்ளிக்கும் தனித்தனிச் சிறப்பு என்றில்லாமல், ஊரின் மானம் ஆறு பெண்களின் கையிலும் இருந்தது.

இங்கே ஒன்றைச் சொல்லாமல் விட மனமில்லை. நம் காலனி மைதானத்தில் மாலை வேளைகளில் சிறுமியர் ஓடியாடுவதைக் காண்கிறோம். பன்னிரண்டு, பதின்மூன்று வயதானதும் அவர்கள் மைதானத்திலிருந்து மறைந்து விடுகின்றனர். பையன்களின் கிரிக்கெட் மட்டும் எஞ்சுகிறது. இதற்கு எந்தச் சங்கமும் தீர்மானம் போடவில்லை. யாரும் எதிர்த்து எழுந்து பேசவுமில்லை. இத்தனைக்கும், மகளிர் கூடைப்பந்தில் இந்திய அணிக்குத் தலைமை தாங்கி, 2021-இல் பத்மஸ்ரீ விருது பெற்ற அனிதா பால்துரை, தென்னக இரயில்வேயின் ஊழியராய் ஆடிய தமிழ்ப்பெண்.

அயோவாவுக்குத் திரும்புவோம். 1954-இல் வேய்ன் கூலி என்பவர் சங்கத்தின் செயலாளரானார். 2002 வரை அப்பொறுப்பில் இருந்தார். மறு ஆண்டு டிமாய்னில் போர் வீரர் நினைவு மண்டபம் திறக்கப்பட்டதும் மாநிலப் போட்டி அங்கே சென்றது. பதினையாயிரம் பேர் அமரக்கூடிய மண்டபம் மார்ச் மாதத்தில் நிரம்பி வழிந்தது. பல ஆண்டுகளில் பையன்களின் போட்டியைக் காட்டிலும் பெண்களின் போட்டிக்கே கூட்டம் மிகுதி. கூலி அதை ஒரு திருவிழாவாகவே ஆக்கினார். வாத்தியக் கோஷ்டிகள் முழங்கும். அணிகள் அணிவகுத்து வரும். இடைவேளையில் ஆடுகளத்தைப் பெருக்குவதற்கு, கல்யாண மாப்பிள்ளைபோல் கறுப்புக் கோட்டும் கழுத்துப் பட்டையும் அணிந்த பையன்கள் துடைப்பத்தோடு வருவார்கள். பெண்கள் ஆட, ஆண் பிள்ளைகள் பெருக்கிய அக்காட்சியைக் காண எத்தனை தாய்மார்கள் இங்கே விரும்புவார்களோ, நாம் அறியோம்.

மற்றொரு சிறப்பும் உண்டு. ஊர் பெரிது, ஊர் சிறிது என்ற வகுப்புப் பிரிவு அப்போட்டியில் நெடுநாள் இருக்கவில்லை. பெரிய நகரப் பள்ளிகள் தாமே விலகி நின்றமையால், இருநூறு முந்நூறு பேர் வாழும் ஊர்களின் பெண்கள் தலைநகருக்கு வந்து வாகை சூடினர். அவ்வாரத்தில் ஊரே பூட்டிக்கொண்டு டிமாய்னுக்குப் புறப்பட்டு விடும் என்பது அங்கே வழங்கும் பேச்சு.

1968-ஆம் ஆண்டு இறுதியாட்டத்தை இன்றும் முதியோர் நினைவுகூர்கின்றனர். யூனியன்-விட்டன் என்னும் பள்ளியும் எவர்லி என்னும் பள்ளியும் மோதின. யூனியன், விட்டன் என்பன இரண்டு சிற்றூர்கள். ஓர் ஊருக்குத் தனிப் பள்ளி தாங்காதென்று சேர்ந்து ஒரு பள்ளி வைத்துக்கொண்டவை. யூனியன்-விட்டன் அணியில் டெனீஸ் லாங் என்னும் பெண். எவர்லி அணியில் ஜெனட் ஓல்சன் என்னும் பெண். இருவரும் எறிபவர். ஒருத்தி எறிந்தால் விதிப்படி பந்து நடுவட்டத்தில் எதிரணியின் எறிபவர் கைக்குப் போகும். உடனே மற்றவள் எறிவாள். குறித்த நேரம் முடிந்தும் வெற்றி தோல்வி காணாமல் ஆட்டம் நீண்டது. கடைசியில் யூனியன்-விட்டன் 113, எவர்லி 107. ஜெனட் ஓல்சன் தனியொருத்தியாக 76 புள்ளிகள் எடுத்தும் தோற்றாள். 64 எடுத்த டெனீஸ் லாங்கின் அணி வென்றது. அந்த இரவில் இரு அணிகளின் கார்டுகளும் பட்ட பாட்டை யார் எழுதி வைத்தார்கள்?

டெனீஸ் லாங் அதே ஆண்டில் மற்றோர் ஆட்டத்தில் தனியாக 111 புள்ளிகள் எடுத்தவள். பள்ளி நாட்களில் அவள் சேர்த்த மொத்தப் புள்ளிகள் 6,250. 1969-இல் ஸான் பிரான்ஸிஸ்கோ வாரியர்ஸ் என்னும் ஆண்களின் தொழில்முறை அணி அவளைத் தன் தேர்வுப் பட்டியலில் சேர்த்து நாட்டையே வியக்க வைத்தது. ஆட்டக் கழகத்தின் தலைவர் அத்தேர்வு செல்லாதென்று தள்ளிவிட்டார். விளம்பரத்துக்காகச் செய்தனர் என்போரும் உண்டு. இருக்கலாம். அக்காலத்தில் அவளைப் போன்ற ஒருத்தி பள்ளியை விட்ட பின் ஆடுவதற்கு வேறு எந்த இடம் இருந்தது என்பதே நாம் கேட்க வேண்டியது.

இனி வீழ்ச்சியைச் சொல்ல வேண்டும். அது இரண்டு வழியாக வந்தது.

ஒன்று, பள்ளிகளின் இணைப்பு. 1950களின் தொடக்கத்தில் அயோவாவில் நாலாயிரத்துக்கும் மேற்பட்ட பள்ளி வட்டங்கள் இருந்தன. பெரும்பாலானவை ஓர் அறையில் ஓர் ஆசிரியை நடத்திய நாட்டுப்புறப் பள்ளிகள். ஒவ்வொரு பகுதியும் உயர்நிலைப் பள்ளியுள்ள வட்டத்தில் சேர்ந்தாக வேண்டுமென்று சட்டம் வந்தது. 1960களின் இறுதிக்குள் வட்டங்கள் ஐந்நூறுக்கும் கீழே குறைந்துவிட்டன. டிராக்டர் வந்தபின் பண்ணைகள் பெருத்து, குடும்பங்கள் சிறுத்து, இளைஞர் நகரம் சென்றனர். 1980களில் வேளாண் கடன் நெருக்கடி வந்து எஞ்சியவர்களையும் அசைத்தது. பள்ளிகள் இணைய இணைய, வட்டாரக் குழுக்களும் குலைந்தன. எட்டுப் பள்ளிகள் ஆடிய குழுவில் இரண்டு இணைந்து, ஒன்று மூடி, ஐந்து எஞ்சினால் அந்தக் குழுவுக்கு ஆட்டக் கால அட்டவணையே நிரம்பாது; அதைக் கலைத்துவிட்டு வேறொரு குழுவில் போய்ச் சேர்வார்கள். பிள்ளைகள் போதாதென்று வகுப்புகளை இணைப்பதும் பள்ளியை மூடுவதும் காலனிவாசிகளாகிய நாம் அறியாதவை அல்ல. கட்டடம் நிற்கும், மணி மட்டும் அடிக்காது.

மற்றொரு வழி, நியாயத்தின் வழி. இதை நாம் ஒளிக்கலாகாது. 1971-இல் கல்லூரிப் பெண்கள் ஆண்களைப் போலவே ஐவர் முழுக்களத்தில் ஆடும் முறைக்கு மாறினர். 1972-இல், அரசுப் பணம் பெறும் கல்விக் கூடங்களில் பெண்களுக்கு வேற்றுமை காட்டலாகாதென்று நாடு முழுவதற்குமான சட்டம் பிறந்தது. கல்லூரிகள் ஆட்டத்தில் சிறந்த பெண்களுக்கு உதவித்தொகை கொடுக்கத் தொடங்கின. அயோவாவின் எறிபவளாவது பந்தெறியக் கற்றிருந்தாள். கார்டாக நின்றவளோ? நான்காண்டு ஆடியும் கூடையை நோக்கி எறிந்தறியாதவளை எந்தக் கல்லூரி அழைக்கும்? 1980களின் தொடக்கத்தில் சில மாணவிகள் நீதிமன்றம் சென்றனர். சங்கத்தார் இறங்கி வந்து, 1984-85 முதல், விரும்பும் பள்ளிகள் ஐவர் ஆட்டம் ஆடலாமென்று இசைந்தனர். பெரிய பள்ளிகள் முதலில் மாறின. சிற்றூர்கள் பழையதைப் பற்றிக்கொண்டு நின்றன. 1987-இல் வென்ச்சுரா என்னும் சிற்றூரின் லின் லோரென்ஸன் 6,736 புள்ளிகளோடு டெனீஸ் லாங்கையும் விஞ்சினாள். விளக்கு அணையுமுன் விட்ட ஒளி அது. 1993 பிப்ரவரியில் சங்கம் இனி ஐவர் ஆட்டமே என்று தீர்மானித்தது. அடுத்த மாதம் நடந்த கடைசி அறுவர் போட்டியில் ஹப்பர்ட்-ராட்கிளிப் என்னும் இணைப்புப் பள்ளி வென்றது. அயோவாவைத் தவிர இதை விடாது பிடித்திருந்த ஓக்லஹோமாவும் 1995-இல் கைவிட்டது.

நம் கருத்தைக் கேட்பின், தீர்மானம் சரியே என்போம். பெண்ணின் உடல் தாங்காதென்று போட்ட கோட்டை அழித்ததற்காக வருந்துவது முறையன்று. ஆனால் ஓர் உண்மையையும் மறத்தலாகாது. பெண்களை வலியற்றவர் என்று எண்ணிப் பிறந்த விதிகளைக் கொண்டே, நாட்டின் மற்றப் பகுதிகளில் பெண்கள் ஆட்டத்தை ஒழித்துக்கொண்டிருந்த காலத்தில், இச்சிற்றூர்கள் பல தலைமுறைப் பெண்களை ஆயிரக்கணக்கானோர் முன்னே துணிந்து நிற்க வைத்தன. 1925-இல் அந்த இருபத்தைந்து பேர் வெளியேறாமல் அடங்கிப் போயிருந்தால், 1972-இன் சட்டம் அயோவாவுக்கு வரும்போது அங்கே காப்பாற்ற ஒன்றும் இருந்திராது.

சங்கம் மறையவில்லை, ஐவர் ஆட்டத்தை நடத்தி வந்தது. மறைந்தவை ஊர்ப் பெயர்கள். யூனியனும் விட்டனும் மேலும் மூன்று ஊர்களோடு சேர்ந்து, ஐந்து ஊர்களின் முதலெழுத்துகளைக் கோத்த ஒரு பெயருக்குள் அடங்கின. எவர்லி பக்கத்து வட்டத்தோடு இணைந்தது. லின் லோரென்ஸனின் வென்ச்சுரா 2015-இல் கார்னர், ஹேபீல்டு என்னும் ஊர்களோடு சேர்ந்தது. கடைசிப் பட்டம் வென்ற ஹப்பர்ட்-ராட்கிளிப்பின் மாணவர்களும் இப்போது வேறோர் ஊரில் உள்ள பொதுப் பள்ளிக்குச் செல்கின்றனர். நினைவு மண்டபத்துக்கு அருகில் 2005-இல் புதிய அரங்கம் எழுந்தபின் மாநிலப் போட்டிகள் அங்கே பெயர்ந்தன.

2023 அக்டோபரில் அயோவாப் பல்கலைக் கழகத்துப் பெண்கள் அணி திறந்தவெளிக் கால்பந்து மைதானத்தில் ஒரு கூடைப்பந்தாட்டம் ஆடியபோது 55,646 பேர் வந்தனர். அந்த அணியின் கெய்ட்லின் கிளார்க், டிமாய்னை அடுத்த ஊர்ப்பெண், 2024-இல் கல்லூரி ஆட்டத்தின் புள்ளிச் சாதனைகளை முறியடித்தார். அவருக்குப் பயிற்சி அளித்தவர்களுள் ஒருவர் ஜான் ஜென்ஸன் என்னும் பெண்மணி. 2024-இல் அவரே தலைமைப் பயிற்சியாளரானார். 1987-இல் எல்க் ஹார்ன்-கிம்பால்டன் பள்ளியில் அறுவர் ஆட்டம் ஆடி, ஓர் ஆட்டத்துக்குச் சராசரி 66 புள்ளிகள் எடுத்தவர் அவர். அவருடைய பாட்டி, 1921-இல் மாநிலப் பட்டம் வென்ற ஆடுபான் ஊர் அணியில் ஆடியவர். எல்க் ஹார்ன்-கிம்பால்டன் என்ற அப்பள்ளியோ இப்போது எக்ஸைரா என்னும் மூன்றாவது ஊரையும் சேர்த்துக்கொண்டு, பெயர்ப் பலகையை நீட்டி எழுதி வைத்திருக்கிறது.